பென்குயின் காலுக்குக் கீழே என் பெயர்

அந்தமானில் ஹட் பே கப்பல்துறை ஜெட்டியில் வெயிலுக்கும் மழைக்கும் ஒதுங்குகிறீர்களே அந்த ஷெட், நான் கட்டியது. பதினோராம் கிலோமீட்டர் பாலத்தின் இரண்டு பக்கக் கைப்பிடிச் சுவர், நான் கட்டியது. முருகன் கோயில் முன்மண்டபம், அங்கன்வாடிக் கூரை, பாமாயில் தோட்டம் மூடியபின் வேலையில்லாமல் நின்ற ஆட்களை மட்டுமே வைத்து எழுப்பிய தண்ணீர்த் தொட்டி, எல்லாம் நான். சிமெண்ட் கப்பல் வாரக்கணக்கில் வராத மழைக்காலத்திலும் என் வேலை நின்றதில்லை. ஆற்று மணல் இல்லாத தீவில் கல்லை உடைத்துத் தூளாக்கிக் கலவை போட்டவன் நான். படித்தது மூன்றாம் வகுப்பு. அதுவும் முழுசாக இல்லை.

சென்ற வாரம் இந்தப் பத்தியில் கோயில் மண்டபம் எழுந்த கதையைப் படித்த வாசகர் ஒருவர், "ஐயா, நீங்கள் பயந்த கதை ஒன்றுகூட இல்லையா?" என்று கேட்டு எழுதியிருக்கிறார். நல்ல கேள்வி. ஒன்று இருக்கிறது. இதுவரை யாரிடமும் முழுசாகச் சொன்னதில்லை.

கண்ணாடித் தம்ளரில் வட்டம்

அமாவாசைக்கு மறுநாள் காலை. கப்பல் ஜெட்டியில் கட்டியிருந்தது. என் மனைவி பேச்சியம்மாளை இருதயப் பரிசோதனைக்காகப் போர்ட் பிளேருக்கு அழைத்துப்போகிறேன். சுனாமிக்குப் பிறகு அவள் ஜெட்டிப் பக்கம் வந்தது கையெண்ணிக்கைதான். அன்றும் நான் கட்டிய ஷெட்டிலேயே கடலுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்தாள்.

"இப்பிடி உக்காந்தா கடல் உன்னைய விட்டுருமாக்கும்?" என்றேன்.

"நான் அதப் பாக்கலேன்னா அது என்னையப் பாக்காது. டீயக் குடிங்க."

எங்கள் மூட்டைகளைத் தள்ளுவண்டியில் கொண்டுவந்த ராஞ்சிக்காரன் மங்ரா, வேறொருவரின் சாமான் எடுக்க ஜெட்டி வாசல் கேட்டுக்குப் போயிருந்தான். நாற்பது வயசிருக்கும் அவனுக்கு. ஜெட்டியில் சுமை தள்ளியே தோள் ஒரு பக்கம் இறங்கிப்போனவன்.

டீத் தம்ளரை பெஞ்சில் வைத்தேன். டீயின் மேல் ஒரு வட்டம் வந்தது. அதற்குள் இன்னொரு வட்டம். கை பட்டுவிட்டது என்று நினைத்தேன். கை என் மடியில் இருந்தது.

அப்புறம் தகரக் கூரை கடகடத்தது. காலுக்குக் கீழே, மாடு ஈ விரட்டத் தோலைச் சிலிர்க்குமே, அப்படி ஜெட்டி சிலிர்த்தது. கப்பலைக் கட்டிய வடம் முறுகிக் கத்தியது. "பூகம்ப்! பூகம்ப்!" என்று நாலு பக்கமும் கூச்சல்.

நின்றது. நின்ற பிறகு வரும் அமைதிதான் எங்கள் தீவில் பொல்லாதது. நாய்கூடக் குரைக்கவில்லை. ஜெட்டியில் நின்ற அத்தனை பேரும் ஒரே திசையில், கம்பிக்கு மேலாகக் கீழே எட்டிப் பார்த்தார்கள்.

"பைர் தேக்கோ! பென்குயின் கா பைர் தேக்கோ!" என்று ஒரு குரல். காலைப் பார், பென்குயினின் காலைப் பார்.

ஐஸ் பெட்டிப் பறவை

அந்தமானில் ஏது பென்குயின் என்று நீங்கள் கேட்பது என் காதில் விழுகிறது. நான்தான் கொண்டுவந்தேன். இதை ஹட் பேயில் யாரும் மறுக்க முடியாது. மறுக்கிறவர்கள் இருக்கிறார்கள், அவர்களைப் பற்றிக் கடைசியில் வருகிறேன்.

சுனாமிக்குப் பிறகு ஜெட்டியைச் சரிசெய்த சமயம். போர்ட் பிளேர் பூங்காவில் வாயைத் திறந்துகொண்டு நிற்கும் பென்குயின் குப்பைத்தொட்டி போல இங்கேயும் ஒன்று வேண்டும் என்றார்கள். அங்கிருந்து வரவேண்டியது கப்பல் கப்பலாகத் தள்ளிப்போனது. "எதுக்குக் காத்துக் கெடக்கணும்? சிமெண்ட்டுல நானே செஞ்சு தாரேன்" என்றேன். வாய்தான் எனக்கு எப்போதும் முதலில் போகும், கை பின்னால் ஓடி வரும்.

பென்குயினை நான் பார்த்ததே இல்லை. கடைத்தெருவில் ஐஸ் விற்கிறவரின் பெட்டியில் ஒரு படம் ஒட்டியிருந்தது. அதை அரை நாள் உற்றுப் பார்த்தேன். "என்ன அண்ணாச்சி, ஐஸ் வேணுமா, பொட்டி வேணுமா?" என்று அவர் கேட்டே விட்டார்.

அளவெல்லாம் மனசில் ஏற்றிக்கொண்டு வந்து கம்பி வளைத்தேன். மூக்கை மெல்லிசாக வைத்தேன், உடைந்தது. மறுபடி வைத்தேன், மறுபடி உடைந்தது. மூன்றாவது தடவை மண்வெட்டிக் காம்பு கனத்துக்குத் தடியாக வைத்து, நாலு கோடு கீறிவிட்டேன். இன்றைக்கும் உடையவில்லை. படத்தில் இருந்தபடியே கண்ணுக்கும் மூக்குக்கும் நடுவே ஒரு வெள்ளைத் திட்டும் வைத்தேன். பிற்பாடுதான் தெரிந்தது, அது வெயிலில் ஸ்டிக்கர் உரிந்துபோன இடம்.

காலுக்கு மஞ்சள் பெயிண்ட். காலுக்குக் கீழே ஒரு சாண் உயரத்தில் பீடம். ஈரச் சிமெண்ட் இறுகுவதற்குள் ஆணியை எடுத்துப் பீடத்தில் "கருப்பையா கட்டியது" என்று எழுதினேன். பேச்சியம்மாள் பக்கத்தில் உட்கார்ந்து தண்ணீர் தெளித்துக்கொண்டிருந்தாள்.

"குப்பத்தொட்டிக்கு எதுக்குங்க பேரு?"

"தாஜ்மகாலுல கொத்தனார் பேரு எங்க இருக்கு, சொல்லு பாப்பம்? அந்தத் தப்ப நான் பண்ண மாட்டேன்."

அவள் இன்னொரு கை தண்ணீர் தெளித்தாள்.

விழுந்தும் நின்றது

இரண்டு மூன்று வருஷம் அது குப்பை தின்றது. பிறகு ஒருநாள் பின்பக்கமாக வந்த லாரி ஒன்று அதை இடித்து, ஜெட்டி ஓரத்திலிருந்து கடலுக்குள் தள்ளிவிட்டது. வேறு எவன் செய்ததாக இருந்தாலும் சில்லுசில்லாகியிருக்கும். என்னுடையது கீழே கிடந்த பாறைகளுக்கு நடுவே நின்றபடியே செருகிக்கொண்டது. தூக்க கிரேன் இல்லை. அப்படியே விட்டுவிட்டார்கள்.

ஏற்றத்தில் தண்ணீர் அதன் மார்புவரை இருக்கும். வற்றில் கணுக்கால்வரை இறங்கும். எத்தனை வற்றினாலும் மஞ்சள் விரல்கள் மட்டும் வெளியே வராது. வருஷத்தில் ஓரிரண்டு அமாவாசை, பௌர்ணமியில் விரல் நுனி லேசாக மினுக்கும், அவ்வளவுதான்.

சுனாமி வந்த டிசம்பர் காலையைப் பற்றி முன்பே இரண்டு வாரம் எழுதிவிட்டேன். ஒன்றை மட்டும் மறுபடி சொல்கிறேன். கடல் முதலில் உள்ளே போனது. அதுவரை பார்த்திராத கறுப்புப் பாறைகள் மினுமினுத்துக்கொண்டு வெளியே வந்தன. நாங்கள் நின்று வேடிக்கை பார்த்தோம். ஓடவேண்டும் என்று எங்களுக்கு யாரும் சொல்லித்தந்ததில்லை. அடித்து வந்த கதவு ஒன்று பேச்சியம்மாளின் இரண்டு முழங்காலையும் நொறுக்கியது; அதோடு அவள் நடை போயிற்று. அவளை முதுகில் போட்டுக்கொண்டு நான் மேட்டுக்கு ஓடினேன். இந்தக் கதையை நான் சொல்லாத கல்யாண வீடு ஹட் பேயில் கிடையாது.

அதனால்தான் அந்தப் பழக்கம் வந்தது. நிலம் அசைந்தால் ஹட் பேக்காரன் முதலில் போனைப் பார்ப்பதில்லை. பென்குயினின் காலைப் பார்ப்பான். கால் தெரியவில்லையா, டீயைக் குடி. தெரிகிறதா, சட்டியைப் போட்டுவிட்டு மேட்டுக்கு ஓடு. பெங்காலி, தெலுங்கர், மலையாளி, ராஞ்சி, எல்லாருக்கும் இது ஒரே பாஷை.

எனக்கும் பேச்சியம்மாளுக்கும் மட்டும் இன்னொரு கணக்கு இருந்தது. விரல் தெரிந்தால் ஒருவேளை வெறும் வற்றாக இருக்கலாம். விரலுக்குக் கீழே பீடம் இருக்கிறதே, அதில் என் பேர் தெரிந்தால் அது வற்று இல்லை. கடல் பின்வாங்குகிறது.

நினைத்துப் பாருங்கள். கட்டினவன் தன் பேரை உலகம் பார்க்கவேண்டும் என்று ஆசைப்படுவான். என் பேரோ யார் கண்ணிலும் படவே கூடாது என்று நான் தினமும் முருகனிடம் கேட்டுக்கொண்டிருந்தேன்.

பறவை மேடம் சொன்னது

இந்த நிலநடுக்கத்துக்குச் சில மாதம் முன்னால், பறவைகளைப் பற்றி ஆராய்ச்சி செய்யக் கோயம்புத்தூரிலிருந்து அனிதா என்று ஒரு பெண் வந்திருந்தார். பைனாகுலரை என் பென்குயின்மேல் வைத்தவர் எடுக்கவே இல்லை.

"அய்யா, இத யாருங்க செஞ்சது?"

"ஒங்க முன்னால நிக்கிறவன்தான்."

"எதைப் பாத்துங்க?"

"ஐஸ் பொட்டியப் பாத்து."

விழுந்து விழுந்து சிரித்தார். அப்புறம் சிரிப்பு நின்றது. "இது நாம இப்ப சொல்ற பென்குயின் இல்லீங்க அய்யா" என்றார்.

எனக்குச் சுருக்கென்றது. "ஊரே பென்குயின்னுதானம்மா சொல்லுது?"

"கோவிச்சுக்காதீங்க. மொதமொதல்ல பென்குயின்னு பேரு இருந்ததே இந்த மாதிரி பறவைக்குத்தானுங்க. இந்தத் தடி மூக்கு, அதுல கோடு, கண்ணுக்கு முன்னால வெள்ளைத் திட்டு. அப்படியே இருக்குதுங்க."

பாறைமேல் உட்கார்ந்து சொன்னார். அது உலகத்தின் வடக்குக் கோடியில் இருந்த பறவையாம். பறக்கத் தெரியாது. நிமிர்ந்து நிற்கும்.

"பேருக்கு என்னம்மா அர்த்தம்?"

"வெள்ளைத் தலைன்னு சொல்றாங்க. வேல்ஸ்னு ஒரு சின்ன நாடு இருக்குதுங்க, அவங்க பாஷையில. ஆனா அதோட தலை கறுப்பு, திட்டு மட்டுந்தான் வெள்ளை. அதனால அது பறவைத் தலையே இல்ல, எச்சம் விழுந்து வெளுத்துப்போன தீவோட தலைன்னு சில பேரு. கொழுத்ததுங்கிற லத்தீன் வார்த்தையில இருந்து வந்ததுன்னு வேற சில பேரு. உறுதியா யாருக்கும் தெரியாதுங்க."

"அந்தப் பறவை இப்ப எங்க இருக்கு?"

"இல்லீங்க. ஒண்ணுகூட இல்ல."

மாலுமிகள் கப்பலிலிருந்து கரைக்கு ஒரு பலகை போடுவார்களாம். பின்னால் நின்று விரட்டுவார்களாம். பறவைகள் குட்டைக் கைகளை உடம்போடு ஒட்டிக்கொண்டு, ஒன்றன்பின் ஒன்றாகப் பலகையில் நடந்து, தாங்களாகவே கப்பலுக்குள் போய்ச் சாகுமாம். கறிக்கு, இறகுக்கு, எண்ணெய்க்கு. மிச்சமிருந்த கடைசி ஜோடியை ஒரு பாறைத் தீவில் கழுத்தை நெரித்துக் கொன்றார்களாம்.

"அப்ப இப்ப இருக்கிற பென்குயின்?"

"அது தெக்குல இருக்கிற வேற பறவைங்க. சொந்தம்கூட இல்ல. கப்பல்காரங்க தெக்க போனப்ப, இதே மாதிரி கறுப்பு வெள்ளையா நிமிந்து நின்னதப் பாத்து அதே பேரச் சொல்லிக் கூப்பிட்டுட்டாங்க. வடக்கால இருந்தது செத்துப்போச்சு. பேரு தெக்க இருந்ததுக்குப் போயிருச்சுங்க. புத்தகத்துல எழுதற லத்தீன் பேருல மட்டும் இன்னும் பழசுக்குத்தான் அது இருக்குது."

அன்றைக்கு எனக்குச் சோறு இறங்கவில்லை. "சிமெண்ட்டுப் பறவைக்குத் துட்டி காக்கிறீகளாக்கும்" என்று பேச்சியம்மாள் சீண்டினாள். துக்கம் இல்லை. எனக்குள் ஒரு குளிர் புகுந்துகொண்டது. பேர் வைத்திருந்தவனைக் கொன்றுவிட்டு, பேரைக் கழற்றி அடுத்தவனுக்கு மாட்டிவிட முடியும். கேட்க ஆள் இருக்காது. அந்தப் பலகை என் கண்ணைவிட்டுப் போகவில்லை.

விரலுக்குக் கீழே

இப்போது ஜெட்டிக்கு வருகிறேன்.

"திக் கயா! பைர் திக் கயா!" தெரிந்துவிட்டது, கால் தெரிந்துவிட்டது.

கூட்டம் இரண்டாகப் பிளந்தது. பாதி மேட்டு ரோட்டுக்கு ஓடியது. பாதி கப்பலுக்கு ஓடியது. கப்பல் ஆழத்துக்குப் போய்விட்டால் பிழைத்துக்கொள்ளும் என்று எங்கள் ஊரில் எல்லாருக்கும் தெரியும். கப்பல் ஹார்ன் அடித்தது. வடத்தை அவிழ்க்கச் சத்தம் போட்டார்கள். கப்பலில் ஏறுகிற கேங்வே பலகையில் ஜனங்கள் பைகளை நெஞ்சோடு அணைத்து, கைகளை உடம்போடு ஒட்டிக்கொண்டு, ஒருவர் முதுகில் ஒருவர் முட்டியபடி ஏறினார்கள். அனிதா சொன்ன வரிசை அது.

"நேத்து அம்மாவாசடி. வெறும் வத்தாத்தான் இருக்கும். பாத்துட்டு வந்துர்றேன், இங்கனயே இரு" என்றேன்.

"எந்திரிச்சு ஓடப் போறேனாக்கும்" என்றாள் பேச்சியம்மாள். சிரிக்கவில்லை. பெஞ்சின் விளிம்பை இரண்டு கையாலும் பிடித்திருந்தாள்.

எல்லாரும் மேலே ஓட, நான் படகுப் படிகளில் கீழே இறங்கினேன். பாசி வழுக்கியது. உப்பும் அழுகின கிளிஞ்சலும் கலந்த வாடை, வழக்கமாகத் தண்ணீருக்குள் இருக்கிற இடத்தின் வாடை. அந்த டிசம்பரில் வந்ததும் இதே வாடைதான்.

மூன்று மஞ்சள் விரலும் முழுசாக வெளியே இருந்தன. அலை வந்து மூடியது. திரும்பிப் போனது. விரலுக்குக் கீழே, பாசி படிந்த பீடத்தில், ஆணியால் கீறிய கோடுகள். என் கையெழுத்து. "க" தெரிந்தது. அப்புறம் "ரு". இத்தனை வருஷம் கழித்து என் பேரை நானே படித்தேன்.

முழுசாகப் படிக்கவில்லை.

இதை எழுதாமல் விட்டிருக்கலாம். நீங்கள் யாரும் பார்க்கவில்லை. ஆனால் எழுதத் தொடங்கியபின் கூட்டாமல் குறைக்காமல் எழுதுவதுதான் கொத்தன் வேலை. நான் ஓடினேன். படியேறி, ஷெட்டைத் தாண்டி, ஓடினேன். ஷெட்டுக்குள் ஓர் ஆள் இருப்பது என் கண்ணில் படவே இல்லை. அன்று அவளை முதுகில் சுமந்து ஓடிய அதே கால்கள்தான். காதில் என் மூச்சு மட்டும் கேட்டது.

கேட்டுக்குப் பக்கத்தில் எதிரே ஒரு தள்ளுவண்டி வந்தது. எல்லாரும் கடலைவிட்டு ஓடும்போது, மங்ரா காலி வண்டியைத் தள்ளிக்கொண்டு கடலைப் பார்த்து ஓடி வந்தான். என்னைப் பார்த்ததும் கேட்டான், "சாச்சா, சாச்சி கஹாங்?"

சித்தப்பா, சித்தி எங்கே.

கடலுக்குப் பயந்ததைவிட அந்த இரண்டு வார்த்தைக்குத்தான் அதிகம் பயந்தேன். அவன் பதிலுக்குக் காத்திருக்கவில்லை, வண்டியோடு என்னைத் தாண்டிப் போனான். நான் பின்னால் ஓடினேன்.

பேச்சியம்மாள் வைத்த இடத்தில் வைத்தபடி இருந்தாள். ஒன்று மட்டும் மாறியிருந்தது. திரும்பி, கடலைப் பார்த்து உட்கார்ந்திருந்தாள்.

என்னைப் பார்த்தாள். என் வேட்டி மடிப்பு அவிழ்ந்து தொங்கியதையும் பார்த்தாள்.

"பேரு தெரிஞ்சுருச்சாக்கும்?"

மேட்டில்

மூட்டை ஏற்றுகிற வண்டியில் அவளை ஏற்றினோம். மங்ரா முன்னால் இழுக்க, நான் பின்னால் தள்ள, மேட்டு ரோடு ஏறினோம். அந்த ஏற்றத்தில் ஒவ்வோர் அடிக்கும் முதுகுக்குப் பின்னால் தண்ணீர்ச் சத்தம் கேட்டது எனக்கு. திரும்பிப் பார்த்தால் ஒன்றும் இல்லை. மறுபடி கேட்டது.

மேட்டில் மாமரத்தடியில் ஊரே நின்றது. கப்பல் தூரத்தில் சின்னதாய்த் தெரிந்தது. எல்லார் கண்ணும் ஒரே இடத்தில். வரும், வரும் என்று பார்த்த கடல் வரவில்லை. வெயில் உச்சிக்கு வந்தபோது, அபாயம் இல்லை என்று போன்களில் செய்தி வந்தது. சாயங்காலம் கப்பல் திரும்ப வந்தது.

கடல் பின்வாங்கவே இல்லை என்பது மறுநாள்தான் தெரிந்தது. நிலம் அசைந்ததில் அடிப்பாறை நகர்ந்து, என் பென்குயின் கொஞ்சம் மல்லாந்துவிட்டது. அதனால் விரல் மேலே வந்தது. பீடமும் வந்தது. என் பேரும் வந்தது.

"ஒங்க பேரு ஒங்களையே வெரட்டிருச்சு" என்றாள் பேச்சியம்மாள். நான் ஓடியதைப் பற்றி அவள் சொன்னது அவ்வளவுதான். இன்றுவரை அவ்வளவுதான். இப்போது கல்யாண வீடுகளில் நான் சுனாமிக் கதையைத் தொடங்கினால், அவள் தலையைக் குனிந்து இலையைப் பார்த்துக்கொள்கிறாள். நானும் சீக்கிரம் முடித்துவிடுகிறேன்.

மேலே நிற்கும் புதுசு

சில மாதம் முன்பு ஜெட்டிமேல் ஒரு புதுப் பென்குயினைக் கொண்டுவந்து வைத்துவிட்டார்கள். ஃபைபர். பளபளவென்று மெல்லிசு மூக்கு. கண்ணுக்கு முன்னால் வெள்ளைத் திட்டு கிடையாது. யார் வைத்தது என்று எழுதிப் பகை தேட எனக்கு இஷ்டமில்லை. பக்கத்தில் ஒரு போர்டு, நிலம் அசையும்போதெல்லாம் ஹட் பே மக்களுக்கு வழிகாட்டிய பென்குயின் இதுதான் என்று. கீழே யாரோ ஒருவரின் பேர். சுற்றுலா வருகிறவர்கள் அதைக் கட்டிப்பிடித்துப் படம் எடுக்கிறார்கள்.

எனக்குப் பயமாக இருக்கிறது ஐயா. நிஜமாகவே. புதுசின் கால் ஜெட்டித் தளத்தில் இருக்கிறது. அந்தக் காலைத் தண்ணீர் தொட்டால் பார்த்துச் சொல்ல யாரும் மிச்சம் இருக்க மாட்டோம். கீழே இருக்கிற என்னுடையதோ மல்லாந்து கிடக்கிறது. இப்போது வெறும் வற்றிலேயே அதற்கு விரல் தெரிகிறது. கொஞ்ச நாள் போனால், எதைப் பார்த்து ஓடவேண்டும் என்பதே ஊருக்கு மறந்துவிடும். பேர் புதுசுக்குப் போய்விடும்; வடக்கே இருந்த பறவைக்கு நடந்தது இதுதான்.

அதனால் கேட்கிறேன். என் பென்குயினைப் பாறையிலிருந்து நிமிர்த்தி, பழைய அளவில் நிறுத்துங்கள். அளவு எனக்குத்தான் தெரியும், இந்த வயசிலும் நானே இறங்கி வைத்துத் தருகிறேன். மேலே இருக்கிற போர்டை மாற்றுங்கள். ஹட் பேயின் முதல் பென்குயினைக் கட்டியவர் கருப்பையா என்று தமிழிலும் ஹிந்தியிலும் எழுதுங்கள்.

இதைப் படித்துக் காட்டியபோது பேச்சியம்மாள், "மங்ரா பேரையும் போடச் சொல்லுங்க" என்றாள்.

போடட்டும். என் பேருக்குக் கீழே.

ஆனால் எதை எழுதினாலும் தண்ணீருக்கு மேலே எழுதுங்கள். என் பேரைப் படிப்பதற்காகக் கடல் பின்வாங்க வேண்டாம்.